அடையாளத்தையும் இடர்களையும் பேசும் சிறுவர் நூல்கள் என்பவை யாவை? பிள்ளைகளுக்கு அவை ஏன் தேவை?

‘நான் யார்’ என்ற தேடலையும், இழப்பு, இடப்பெயர்வு, வறுமை, நோய் முதலியவற்றைக் கடந்து வருவதையும் ஒரு பிள்ளையின் கண்ணால் சொல்லும் கதைகளே இவை.

வீட்டில் தமிழும் பேருந்தில் சிங்களமும் வகுப்பில் ஆங்கிலமும் பேசி, தன் பெயரைச் சொல்லும்போது மட்டும் குரலைத் தாழ்த்திக்கொள்ளும் கொழும்பு வெள்ளவத்தைச் சிறுமி ஒருத்திக்கு அந்தத் தயக்கத்தை விளக்கச் சொற்கள் இருப்பதில்லை. அதே தயக்கத்தைக் கதைமாந்தர் ஒருவரிடம் காணும்போதுதான் அது தன்னுடைய குறை அன்று என்பது அவளுக்குப் புலப்படுகிறது. என் பார்வையில் இதுவே முதன்மையான காரணம். யூதச் சிறுமி ஆன் ஃபிராங்க் 13 வயதில் எழுதத் தொடங்கி, 1947இல் நூலாக வெளிவந்த நாட்குறிப்பு இன்றும் பதின்ம வயதினரைத் தொடுவதும் இதனால்தான்: ஹிட்லரின் நாட்சிகளுக்கு அஞ்சி ஒளிந்து வாழ்ந்த நாட்களிலும், தாயுடன் ஏற்பட்ட மனக்கசப்பை அவர் மறைக்காமல் எழுதினார்.

கடலுக்குப் புதிய பிள்ளையைக் கணுக்கால் அளவு நீரில், கையைப் பிடித்தபடி நிறுத்தி அலைக்குப் பழக்குகிறோம் அல்லவா? கதையும் அவ்வாறே, பயம் கூடினால் புத்தகத்தை மூடிவிடலாம்.

துயரக் கதைகள் பிள்ளைகளின் மனதைக் கெடுத்துவிடும் என்று பெற்றோர் பலர் அஞ்சுகிறார்கள். ஆனால் வயதுக்கேற்ற நூலைப் பெரியவர் ஒருவர் உடனிருந்து வாசிக்கும்போது வெளியே வருபவை, பெரும்பாலும் பிள்ளை ஏற்கெனவே மனதுக்குள் வைத்திருந்த கேள்விகளே.