ஊட்டி டூர்ல சாக்லேட் செய்யுற ஒர்க்‌ஷாப் போலாமா, காசுக்கு வொர்த்தா?

தாராளமா போங்க, ஆனா புக் பண்றதுக்கு முன்னாடி ஒண்ணு மட்டும் கேட்டுக்கோங்க, காம்பவுண்ட் சாக்லேட்டா இல்ல நிஜ சாக்லேட்டா? காம்பவுண்ட்ல கோகோ பட்டருக்கு பதிலா வேற தாவரக் கொழுப்பு, உருக்கி அச்சுல ஊத்துனா தானா இறுகிடும், அதுல கத்துக்க பெருசா ஒண்ணுமில்ல (குட்டிப் பசங்களுக்கு ஜாலி, அது வேற). நிஜ சாக்லேட்னா டெம்பரிங் பண்ணணும். டார்க் சாக்லேட்ட 45-50 டிகிரி வரைக்கும் உருக்கி, மார்பிள் கல்லுல ஊத்தி வழிச்சு வழிச்சு 27-28க்கு இறக்கி, மறுபடி 31-32க்கு ஏத்தணும், அப்பதான் கோகோ பட்டர் சரியான படிகமாகி பளபளன்னு வரும், உடைச்சா டக்குனு சத்தம் கேக்கும். நான் ஈரக்கையோட கரண்டிய எடுத்தேன், ரெண்டு சொட்டு தண்ணிதாங்க, மொத்தமும் சேறு மாதிரி கெட்டியாப் போச்சு.

ஊட்டி 2,240 மீட்டர் உயரம், அந்தக் குளிருக்கே நல்லா செட் ஆகுது. ஆனா கோகோ மரத்தக் காட்டுங்கன்னு கேட்டுடாதீங்க, அந்தக் குளிர்ல அது வளராது, கீழ பொள்ளாச்சி பக்கம் தென்னந்தோப்புல ஊடுபயிரா நிக்கும். செஞ்சத எடுத்துட்டு இறங்குறப்ப மேட்டுப்பாளையம் வெயில்ல காருக்குள்ள வெச்சுட்டு டீ குடிக்கப் போயிடாதீங்க.