துரதிர்ஷ்டத்தால் ஏழையானவருக்கும் தன் முடிவால் ஏழையானவருக்கும் ஒரே மாதிரி உதவுவது நியாயமா?

பிறப்பாலோ நோயாலோ விபத்தாலோ நலிந்தவருக்குச் சமூகம் கைகொடுக்கலாம், ஆனால் தானே எடுத்த முடிவால் நொடித்துப்போனவரின் சுமையை மற்றவர்கள் ஏன் சுமக்க வேண்டும் என்று கேட்டிருக்கிறீர்கள். நானும் நெடுங்காலம் இப்படித்தான் நினைத்தேன். ஒரு நாள் மதியத்துக்குப் பிறகு அப்படி நினைக்க முடியாமல் போயிற்று.

எங்கள் ஊரில் படித்து வேலைக்குப் போன சிலர் சேர்ந்து, கல்லூரியில் சேரும் பிள்ளைகளுக்கு ஆண்டுதோறும் கட்டணம் கட்டி வருகிறோம். விண்ணப்பப் படிவத்தில் ‘குடும்பத்தின் பொருளாதார நிலைக்குக் காரணம்’ என்று ஒரு கட்டம் இருந்தது. ஒரு மாணவியின் படிவத்தில் அவளுடைய அப்பா முதலில் பென்சிலால் எழுதி, பிறகு அதன் மேலேயே பேனாவை ஓட்டியிருந்தார்: ‘மூன்று போர் போட்டோம். தண்ணீர் இல்லை.’ நேர்காணலில் எங்களில் ஒருவர், “முதல் போர் பொய்த்ததுமே நிறுத்தியிருக்கலாமேங்க, கடன் வாங்கி அடுத்தது போடச் சொன்னது யாரு?” என்று கேட்டார். அவர் கெட்டவர் அல்லர். கையிலிருந்த பணம் 5 பேருக்குத்தான் போதும், வந்திருந்தவர்கள் 11 பேர். “தென்னை காஞ்சுட்டு இருந்துச்சுங்க” என்று அந்த அப்பா தொடங்கினார். நீரோட்டம் பார்ப்பவரின் உள்ளங்கையில் தேங்காய் எழுந்து நின்ற இடத்தையும், திருச்செங்கோட்டிலிருந்து வந்த ஆழ்துளைக் கிணறு தோண்டும் வண்டி 800 அடி தாண்டியும் வெறும் புழுதியைக் கக்கியதையும், வரப்புக்கு அந்தப் பக்கம் பங்காளியின் தோட்டத்தில் 400 அடியிலேயே தண்ணீர் பீய்ச்சியடித்ததையும், மகளைப் பக்கத்தில் நிறுத்திக்கொண்டு ஒரு குற்றவாளியைப் போல எங்களுக்கு விளக்கினார். அந்த ஆண்டு அவளுக்கு உதவித்தொகை கிடைக்கவில்லை. அந்தப் பட்டியலில் என் கையெழுத்தும் இருக்கிறது.

நீங்கள் கேட்கும் கேள்வியைத் தத்துவத்தில் தெளிவாக வரையறுத்தவர் அமெரிக்கத் தத்துவவாதி ரொனால்ட் டுவோர்கின். 1981இல் எழுதிய கட்டுரைகளில் அவர் அதிர்ஷ்டத்தை இரண்டாகப் பிரித்தார். தெரிந்தே, கணக்குப் போட்டு இறங்கிய துணிச்சலின் விளைவு ஒரு வகை. பங்குச் சந்தையில் வாங்கிய பங்கு ஏறுவதும் இறங்குவதும் அப்படி. நாம் எதுவும் செய்யாமலே தலையில் வந்து விழுவது இன்னொரு வகை. விண்கல் விழுவது அவர் தந்த உதாரணம். முதல் வகையால் வரும் ஏற்றத்தாழ்வை நாம் ஏற்றுக்கொள்ள வேண்டும், இரண்டாம் வகையைச் சமூகம் ஈடுசெய்ய வேண்டும் என்பது இதிலிருந்து பிறக்கும் எண்ணம். சமத்துவத்துக்கு எதிரானவர்கள் கையில் இருந்த ‘பொறுப்பு’ என்ற வலுவான ஆயுதத்தை டுவோர்கின் சமத்துவத்தின் பக்கமே கொண்டுவந்துவிட்டார் என்று இன்னொரு தத்துவவாதி ஜி. ஏ. கோஹன் 1989இல் பாராட்டினார். அந்தப் பாராட்டு நியாயமானது என்றே இன்றும் நினைக்கிறேன்.

ஆனால் போர் போட்டது இந்த இரண்டில் எது? கடன் வாங்கியது அவருடைய முடிவு. அந்த வகையில் அது துணிந்து இறங்கிய ஆட்டம்தான். பாறைக்கு அடியில் நீர் எங்கே ஓடுகிறது என்பது அவர் கையில் இல்லை. அந்த வகையில் அது விண்கல். போர் போடாமல் சும்மா இருப்பதும் ஒரு முடிவுதான், அதன் விலை காய்ந்துபோகும் தோப்பு. வேறு வழி ஏதும் இல்லாதபோது எடுக்கும் முடிவை, வசதியுள்ளவர் சந்தையில் பணம் போடும் முடிவோடு ஒரே தட்டில் வைப்பது சரியாகப் படவில்லை. இவையெல்லாவற்றுக்கும் மேலாக, விண்ணப்பித்தது அவர் அல்லர், அவருடைய மகள். அப்பா ஆடிய ஆட்டம் மகளுக்கு விண்கல்லாக விழுகிறது. ஒரு தலைமுறையின் முடிவுகள் அடுத்த தலைமுறைக்குப் பிறப்பின் விபத்துகளாக மாறிக்கொண்டே இருக்கும்போது, முடிவை ஒரு பக்கமும் அதிர்ஷ்டத்தை மறுபக்கமும் நிறுத்தி நடுவே கோடு போடுவது நினைத்த அளவுக்கு எளிதல்ல.

இந்தக் கேள்வியில் இன்னும் ஒரு படி ஆழமாகப் போனவர் தத்துவவாதி ஜான் ரால்ஸ். 1971இல் வெளியான நீதி பற்றிய தம் பெருநூலில், பிறந்த குடும்பமும் இயல்பான திறமையும் மட்டுமல்ல, முயற்சி செய்யும் மனமேகூட வளர்ந்த சூழலைச் சார்ந்தது, அதற்காக யாரும் தனிப் பெருமை கொள்ள முடியாது என்றார். அவருடைய சிறுவயதில் இரண்டு தம்பிகள், ஒருவர் 1928இலும் மற்றவர் 1929இலும், அவரிடமிருந்து தொற்றிய நோயால் இறந்தார்கள், அவர் பிழைத்துக்கொண்டார். அதைத் தெரிந்துகொண்டு அந்த நூலைப் படித்தபோது எனக்கு ஒவ்வொரு பக்கமும் கனத்தது. நமக்கு இந்த எண்ணம் புதிதல்ல: ஆகூழால் சோர்வின்மை தோன்றும், போகூழால் மடி தோன்றும் என்று 371ஆம் குறள் சொல்லும்போது, உழைப்பையும் சோம்பலையும்கூட அது ஊழின் கணக்கில்தான் சேர்க்கிறது.

இதை முழுதாக ஏற்றால் மனிதருக்குச் சொந்தம் என்று எதுதான் மிஞ்சும் என்று தத்துவவாதி ராபர்ட் நோசிக் 1974இல் எதிர்த்தார். அவருடைய முடிவுகள் எனக்கு உடன்பாடில்லை. நேர்மையாகக் கைமாறிய சொத்து எவ்வளவு குவிந்தாலும் கேள்விக்கு இடமில்லை என்பதை என்னால் ஏற்க முடியாது. இருந்தாலும் இந்த ஒரு எதிர்ப்பில் உண்மை இருக்கிறது. அந்த அப்பாவைப் பார்த்து, உங்கள் முடிவு எதுவுமே உங்களுடையதல்ல என்று சொல்லியிருந்தால், அதுவும் அவரை அவமதிப்பதாகவே இருந்திருக்கும்.

அவமதிப்பு என்ற இடத்தில்தான் தத்துவவாதி எலிசபெத் ஆண்டர்சன் 1999இல் எழுதிய கட்டுரை என்னைப் பிடித்து உலுக்கியது. தவறு தன்னுடையது என்பதற்காக, விபத்தில் சிக்கிய, காப்பீடு இல்லாத ஓட்டுநரைச் சாலையோரத்தில் சாகவிடுவீர்களா என்று அவர் கேட்கிறார். அதைவிடக் கூர்மையானது அவருடைய அடுத்த வாதம்: உதவி பெற வருபவர், தான் எந்த வகையில் திறமை குறைந்தவர், எந்த வகையில் கையாலாகாதவர் என்று அரசின் முன் நிரூபித்தாக வேண்டியிருக்கிறது, பணம் கிடைத்தாலும் அவர் சமமானவராக அங்கிருந்து திரும்புவதில்லை. எங்கள் படிவத்தின் அந்தக் கட்டம் செய்தது இதைத்தான்.

ஆண்டர்சனோடு நான் பிரிவது ஒரே இடத்தில். குடிமக்கள் ஒருவரையொருவர் சமமாக நடத்துவதே சமத்துவத்தின் சாரம், அதிர்ஷ்டத்தை ஈடுசெய்வது அதன் வேலையல்ல என்கிறார். அதிர்ஷ்டத்தைக் கணக்கில் எடுப்பதை விட்டுவிட வேண்டியதில்லை, ஆளின் குணத்தைத் தோண்டாமல் சூழலைப் பார்த்தால் போதும் என்பது என் கருத்து. பொருளியலாளர் ஜான் ரோமர் இதற்கு வழி சொல்லியிருக்கிறார். ஒரே மாதிரியான சூழலில் இருப்பவர்களை ஒரு பிரிவாக வைத்து, ஒருவருடைய முயற்சியை அந்தப் பிரிவுக்குள் மட்டும் ஒப்பிட வேண்டும் என்பது அவர் யோசனை. எஃகு ஆலைத் தொழிலாளியின் புகைப்பழக்கத்தைக் கல்லூரிப் பேராசிரியரின் புகைப்பழக்கத்தோடு ஒப்பிடாமல், மற்ற ஆலைத் தொழிலாளிகளோடு ஒப்பிடச் சொல்கிறார்.

இது ஏட்டளவில் நின்றுவிடவில்லை. 2020இல் தமிழ்நாட்டில் மருத்துவப் படிப்புக்கு அரசுப் பள்ளி மாணவர்களுக்கென 7.5 விழுக்காடு உள்ஒதுக்கீடு சட்டமானது. 6 முதல் 12ஆம் வகுப்புவரை எந்தப் பள்ளியில் படித்தாய் என்பதுதான் அங்கே கேள்வி. உன் அப்பா ஏன் தனியார் பள்ளியில் சேர்க்கவில்லை, குடித்தாரா, கடன் வாங்கினாரா என்று யாரும் கேட்பதில்லை. அந்த ஒதுக்கீட்டுக்குள் மதிப்பெண்ணால் முந்துபவர் முந்துகிறார். சூழலுக்கு ஈடும் கிடைக்கிறது, முயற்சிக்கு மதிப்பும் நிற்கிறது, யாரும் கூனிக்குறுகி நிற்க வேண்டியதுமில்லை. அளவு போதுமா என்பது வேறு விவாதம். நீதியரசர் கலையரசன் குழு பரிந்துரைத்தது 10 விழுக்காடு. அதையே வைத்திருக்கலாம் என்பது என் எண்ணம்.

எங்கள் படிவத்தில் அந்தக் கட்டம் இப்போது இல்லை. அதை எடுக்கும்போது, அப்படியானால் ஆன்லைன் ரம்மியில் பணத்தை விட்டவருக்கும் கொடுப்பாயா என்று நண்பர் ஒருவர் கேட்டார். உங்கள் கேள்வியின் முனையும் அதுதான் என்று நினைக்கிறேன். அவருடைய பிள்ளையின் கட்டணத்தைத் தயங்காமல் கட்டுவேன். அவருக்கு ரேஷன் அரிசியும் அரசு மருத்துவமனைப் படுக்கையும் மற்றவர்களைப் போலவே கிடைக்க வேண்டும். அவருடைய கடனை மட்டும் பொதுப் பணத்தில் அடைக்க மாட்டேன். போர் போட்டவரின் கடனோ வேறு. இங்கே டுவோர்கினே துணைக்கு வருகிறார்: எல்லோரும் ஒரே நிலையில் நின்று, யாருக்கு என்ன நேரும் என்று தெரியாமல், நியாயமான விலையில் காப்பீடு வாங்க முடிந்தால் எதற்கெல்லாம் வாங்கியிருப்பார்கள் என்று கேட்டுப் பார்க்கச் சொல்கிறார். எந்தத் தோட்டத்தின் அடியில் தண்ணீர் இருக்கிறது என்று யாருக்கும் தெரியாத நிலையில், பொய்த்த போருக்கான காப்பீட்டை எங்கள் ஊரில் வாங்காத விவசாயி இருந்திருக்க மாட்டார். ரம்மியில் தோற்பதற்கு அப்படி ஒரு காப்பீட்டை யாரும் விற்கவும் மாட்டார்கள், நிதானமாக இருக்கும்போது யாரும் கேட்கவும் மாட்டார்கள்.