ரஷ்யக் கப்பலில் தாழ்ப்பாள்

கேள்வி: ‘முந்நீர் வழக்கம் மகடூஉவொடு இல்லை’, அதாவது பெண்ணோடு கடல் கடக்கும் வழக்கம் இல்லை என்கிறது தொல்காப்பியம். இன்று நம் கடற்படையில் ஒரு பெண் அதிகாரியே போர்க்கப்பலுக்குத் தலைமை ஏற்றிருக்கிறார். இத்தனை ஆண்களுக்கு நடுவே ஒரு பெண் தங்குவதற்குப் போதிய வசதி அங்கே உண்டா? தமிழ் மரபு இதை ஏற்குமா?
– ஓய்வுபெற்ற தமிழாசிரியர், கும்பகோணம்

பதில்: மரபு கொஞ்சம் காத்திருக்கட்டும், ஐயா. ‘வசதி’ என்று எழுதியிருக்கிறீர்களே, முதலில் அதைக் கவனிப்போம். நாகரிகம் கருதி நீங்கள் விழுங்கிய சொல்லை நானே எழுதிவிடுகிறேன்: கழிப்பறை. இந்தப் பத்திரிகை ஆசிரியருக்குப் பேருந்து நிலையக் கழிப்பறையை விட்டால் வேறு சிந்தனையே கிடையாதா என்று கேட்டுக் கடிதம் போடும் அன்பர்கள் கவனிக்க, இம்முறை தொடங்கியவர் ஒரு தமிழாசிரியர்.

உங்களுக்கு வந்த இதே ஐயம் மத்திய அரசுக்கும் வந்தது. கடற்படைப் பெண் அதிகாரிகள் நிரந்தரப் பணி கேட்டுத் தொடுத்த வழக்கில் அரசு அடுக்கிய காரணங்களில் ஒன்று, ரஷ்யாவிலிருந்து வாங்கிய கப்பல்களில் பெண்களுக்குக் கழிப்பறை இல்லை என்பது. உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. 2020 மார்ச் 17 அன்று பெண்களுக்குச் சாதகமாகவே தீர்ப்பு வந்தது. எனக்கோ தீர்ப்பைவிட அந்தக் காரணத்தின் மேல்தான் ஆசை. ஆற அமர ரசிக்க வேண்டிய சங்கதி அது.

சோவியத் நாட்டில் கட்டிய நாசகாரிக் கப்பல், அதாவது டெஸ்ட்ராயர் வகைப் போர்க்கப்பல், ஐ.என்.எஸ். ராஜ்புத். நம் ஆட்கள் அதில் பிரமோஸ் ஏவுகணையைப் பொருத்தி, கடலில் கொண்டுபோய்ச் சுட்டும் காட்டினார்கள். ஒலியைப் போல இரண்டரை மடங்குக்கு மேல் வேகமாகப் போகும் ஏவுகணையைப் பழைய கப்பலில் ஏற்றத் தெரிந்தவர்களுக்கு, ஒரு கதவில் தாழ்ப்பாள் வைக்கத் தெரியவில்லை. ‘அட்மிரல் கோர்ஷ்கோவ்’ என்ற விமானந்தாங்கிக் கப்பலை ரஷ்யாவிடமிருந்து வாங்கி, 200 கோடி டாலருக்கு மேல் கொட்டி, மேல்தளம் முதல் கொதிகலன் வரை மாற்றி, 2013-இல் ‘விக்கிரமாதித்யா’ என்ற புதுப்பெயரோடு படையில் சேர்த்தார்கள். அத்தனை பெரிய மராமத்துப் பட்டியலில் இன்னொரு கழிப்பறைக்கு ஒரு வரி எழுதினால் கருவூலமா கவிழ்ந்துவிடும்? வேடிக்கை என்னவென்றால், தீர்ப்பு வந்த கொஞ்ச காலத்தில் அதே விக்கிரமாதித்யாவில் பெண் அதிகாரிகளைப் பணியமர்த்தினார்கள். கப்பல் நீளவில்லை, அகலவில்லை. உத்தரவு வந்ததும் இடம் தானாகக் கிடைத்துவிட்டது.

இதில் ரஷ்யர்களை இழுத்ததுதான் எனக்குப் பொறுக்கவில்லை. பெருங்கடலில் செல்லும் கப்பலுக்குத் தலைமை ஏற்ற முதல் பெண் என்று உலகம் கொண்டாடும் அன்னா ஷெட்டினினா யார்? சோவியத் பெண். 1935-இல், 27 வயதில், ஹாம்பர்க் துறைமுகத்திலிருந்து ‘சாவிச்சா’ என்ற சரக்குக் கப்பலை ஓட்டிக்கொண்டு ரஷ்யாவின் கிழக்குக் கோடியான கம்சாத்கா வரை போனவர். போர்க்கப்பல் கணக்கு வேறு என்பீர்கள். சரி, நார்வேக்கு வாருங்கள். அங்கே 1995-இல் சோல்வெய் கிரே என்ற பெண் ‘கோபன்’ நீர்மூழ்கிக்குத் தலைமை ஏற்றார். நீர்மூழ்கி! 50 மீட்டர்கூட இல்லாத இரும்புக் குழாய். அதற்குள் வசதி பற்றிப் பேச ஆரம்பித்தால் ஆண்களுக்கே இடம் போதாது.

கழிப்பறை கட்டுவது சுலபம் என்பதால்தான் அதைக் காரணமாகச் சொல்கிறார்கள் என்பது என் நெடுநாள் சந்தேகம். நிஜக் காரணத்தை நீதிமன்றத்தில் சொல்ல நாக்கு கூசும். 1957-ஆம் ஆண்டின் கடற்படைச் சட்டம் கூசாமல் சொன்னது. அரசு தனியாக அறிவிக்கும் பிரிவுகளைத் தவிர வேறெதிலும் பெண்ணுக்கு இடமில்லை என்று அதன் 9-ஆம் பிரிவில் இருக்கிறது. 1991-இல் கல்வி, சட்டம், தளவாடப் பிரிவுகளை மட்டும் திறந்தார்கள். 1998-இல் பிற கிளைகளுக்கும் அறிவிப்பு வந்தது. அதற்குப் பிறகும் பல ஆண்டுகள் கப்பல் கரையிலிருந்து பார்க்கும் பொருளாகவே இருந்தது.

இங்கேதான் சூட்சுமம். கப்பலின் தலைமை, கோப்பில் கையெழுத்துப் போட்டுக் கிடைக்கிற பதவி அல்ல. இளம் அதிகாரி முதலில் கடலில் இரவும் பகலும் முறை வைத்துக் கப்பலின் பிரிட்ஜில், அதாவது கப்பலைச் செலுத்தும் மேல்தள அறையில், நிற்க வேண்டும். இதற்கு வாட்ச்கீப்பிங் என்று பெயர். எதிரே தெரியும் விளக்கு மீன்பிடி படகா, எண்ணெய்க் கப்பலா, நம்மை நெருங்குகிறதா, விலகுகிறதா என்று பார்த்துப் பார்த்துக் கண் பழக வேண்டும். தன்னை எழுப்பாமலே இவரிடம் கப்பலை ஒப்படைக்கலாம் என்று கமாண்டிங் ஆபீசருக்கு நம்பிக்கை வந்தால்தான் சான்று கிடைக்கும். பிறகு ஃபர்ஸ்ட் லெப்டினன்ட், அதாவது கப்பலின் அன்றாட வேலைகளை மேற்பார்க்கும் அதிகாரி. அதற்குப் பிறகு, வாய்த்தால், தனக்கென்று ஒரு சிறு கப்பல். கப்பலில் ஒரு இரவு தங்கவே விடாதவரிடம் ‘உங்களுக்குக் கடல் அனுபவம் போதாது’ என்று சொல்வது கெட்டிக்காரத்தனம். நம் அலுவலகங்கள் பலவற்றிலும் இந்தக் கெட்டிக்காரத்தனம் பார்த்திருக்கிறேன், அவை எல்லாம் கரையில் இருப்பவை.

இதற்கு ஒரு கணக்கு சொல்கிறேன். மருத்துவரான புனிதா அரோரா 2005-இலேயே இந்தியக் கடற்படையில் வைஸ் அட்மிரல் ஆகிவிட்டார். தோள்பட்டையில் அவ்வளவு பெரிய பதவியைக் கொடுத்தார்கள். ஆனால் ஒரு பெண் தன் பொறுப்பில் ஒரு சின்ன போர்க்கப்பலை நடத்த 2023 டிசம்பர் வர வேண்டியிருந்தது. மருத்துவமனை வழியாக உச்சிக்குப் போகலாம், பிரிட்ஜ் வழியாக முதல் படிக்கும் வழியில்லை.

அந்த 2023-இல் வந்தவர்தான் நீங்கள் குறிப்பிடும் லெப்டினன்ட் கமாண்டர் பிரேரணா தியோஸ்தலி. மும்பைக்காரர். 2009-இல் சேர்ந்தவர். டி.யூ.-142 கண்காணிப்பு விமானத்தில் அப்சர்வராக, அதாவது விமானம் ஓட்டாமல் கண்காணிப்பைக் கவனிக்கும் அதிகாரியாக, பறந்த முதல் பெண். இந்த விமானம் எங்கே நின்றது தெரியுமா? நம் அரக்கோணத்தில், ஐ.என்.எஸ். ராஜாளி என்ற கடற்படை விமானத் தளத்தில். 2017-இல் அங்கேயேதான் ஓய்வு பெற்றது. எந்த நாட்டுத் தயாரிப்பு? ரஷ்யா! பத்து மணி நேரத்துக்கு மேல் தரையிறங்காமல் கடல்மேல் சுற்றும் ரஷ்ய விமானத்தில் பெண் உட்காரலாம், ரஷ்யக் கப்பலில் ஏறினால் வசதிக்குறைவு. இதை வழக்கறிஞர் யாராவது எனக்கு விளக்கினால் ஓராண்டுச் சந்தா இலவசம்.

பிறகு அவர் ஐ.என்.எஸ். சென்னை என்ற பெரிய நாசகாரியில் ஃபர்ஸ்ட் லெப்டினன்ட்டாக இருந்தார். அங்கிருந்து ஐ.என்.எஸ். திரிங்கட் என்ற சிறிய அதிவேகக் கப்பலுக்குத் தலைமை. அதிகாரிகளின் வழக்கமான பாதை இதுதான். பெரிய கப்பலில் பிறருக்குக் கீழே கற்று, சின்னக் கப்பலில் தனியாக நிற்பது. ஆண் போயிருந்தால் அது இடமாறுதல், செய்தியே ஆகாது.

வசதி பற்றிப் பேச்சு வந்ததால் ஊர் விஷயமும் ஒன்று. முதலமைச்சர் போகும் பாதையில் பெண் காவலர்களை மணிக்கணக்கில் வெயிலில் நிறுத்திவந்தோம். 2021 ஜூனில்தான் அதை நிறுத்தச் சொல்லி உத்தரவு வந்தது. நல்லது. ஆனாலும் கேட்கிறேன்: வேலையை விட்டுப் பெண்ணை விலக்கியதற்குப் பதில் பாதை நெடுக ஓர் ஏற்பாடு செய்திருக்கக் கூடாதா? நாளைக்கே ‘பந்தோபஸ்து அனுபவம் இல்லை’ என்று அதே பெண்ணின் பதவி உயர்வுக் கோப்பில் யாரும் எழுதாமல் இருந்தால் சரி.

இப்போது உங்கள் மரபு. இந்த நூற்பாவை வைத்து என்னோடு மல்லுக்கட்டும் மூத்த புலவர் ஒருவர் இருக்கிறார். இதைப் படித்ததும் அஞ்சலட்டை எடுப்பார், எடுக்கட்டும். ‘முந்நீர்’ இங்கே கடலே அல்ல, ஓதல், தூது, பொருள் என்ற மூவகைப் பிரிவு என்று உரையாசிரியர் நச்சினார்க்கினியர் ஒரு வழி காட்டினார். அந்தச் சந்து வழியாக நான் தப்பிக்க மாட்டேன். இன்னோர் உரையாசிரியரான இளம்பூரணர் சொல்கிறபடி கடற்பயணம் என்றே வைத்துக்கொள்வோம். விதி யாருக்கு? அகப்பாட்டில் வரும் தலைவனுக்கு. கலமேறும்போது தலைவியை உடன் அழைத்துப் போகாதே என்கிறது. தலைவி கலத்தை நடத்தி, அவனையும் அவனைப் போன்ற சிலரையும் அழைத்துப் போகக் கூடாது என்று தொல்காப்பியர் எங்கேயாவது சொல்லியிருந்தால் பக்க எண்ணோடு எழுதுங்கள். இன்னும் கறாராகப் பார்த்தால், புதுச்சேரிக்காரரான ரூபாவும் கோழிக்கோட்டுக்காரரான தில்னாவும் 2024 அக்டோபரில் கோவாவிலிருந்து ‘தாரிணி’ பாய்மரப் படகில் கிளம்பி, தென் அமெரிக்காவின் தென்கோடியான கேப் ஹார்ன் முனையையும் சுற்றி, 2025 மே மாதம் திரும்பி வந்தார்கள். இருவருமே கடற்படையின் லெப்டினன்ட் கமாண்டர்கள். படகில் ஆணே கிடையாது. மகடூஉவை ‘உடன்’ அழைத்துப் போக அங்கே ஆள் இல்லாதபோது நூற்பா மீறப்பட்டதா இல்லையா? புலவர் விடை சொல்லட்டும், அஞ்சலட்டை போதாவிட்டால் உறையிலேயே அனுப்பலாம்.

கடைசியாக, கவிஞர்களுக்கு ஓர் அறிவிப்பு. மார்ச் 8 நெருங்கினால் ‘பெண்ணே, நீ கடல்’, ‘பெண்ணே, நீ அலை’, ‘பெண்ணே, நீ கலங்கரை விளக்கம்’ என்று மூட்டை மூட்டையாக வருகிறது. கடலாகவும் அலையாகவும் இருப்பவர் கப்பலை எப்படி ஓட்டுவார்? இனி அவை பிரசுரமாகா. தபால்தலை வைத்திருந்தால் திருப்பி அனுப்பப்படும்.