கால்நடைக் கேள்வி–பதில்: எடையில் நழுவும் பணம்

கேள்வி: கொட்டகையில் 300 கிலோ இருந்த காளை, சந்தைத் தராசில் 282 காட்டுகிறது. வியாபாரி ஏமாற்றுகிறாரா?

பதில்: தராசைச் சந்தேகிக்கும் முன் மாட்டின் வயிற்றைக் கணக்கில் எடுங்கள். எடையில் குறைந்திருப்பது 6 விழுக்காடுதான். தீனியும் தண்ணீரும் இல்லாமல் வண்டியில் சில மணி நேரம் நின்றால், சாணமும் மூத்திரமுமாகவே இவ்வளவு போய்விடும். பயணம் நீண்டால் 10 விழுக்காடுகூடப் போகலாம். அப்போது உடம்பின் நீரும் சேர்ந்து வற்றுகிறது. வயிறு சில நாள் தீனியில் நிரம்பிவிடும், உடம்பு தேற அதைவிட நாள் பிடிக்கும்.

இளம்பசும்புல் மேய்ந்த மாடு சீக்கிரம் கழியும். அதனால் ஏற்றுவதற்கு முந்தைய நாள் வைக்கோலோ காய்ந்த புல்லோ போடுங்கள். அடித்து விரட்டி ஏற்றாதீர்கள், பழகாத மாடுகளோடு கலக்காதீர்கள். மிரண்ட மாடு இன்னும் கழியும்.

உண்மையான நஷ்டம் வேறிடத்தில் இருக்கிறது. ஏற்கெனவே பயணத்தில் வற்றிய மாட்டை எடை போட்டுவிட்டு, “வயிற்றுக் கழிவு”, அதாவது வயிற்றில் இருக்கும் தீனிக்கும் தண்ணீருக்குமான தள்ளுபடி என்று வியாபாரிகள் மேலும் 4 விழுக்காடு எடையைக் கழிப்பார்கள். ஒரே இழப்புக்கு இரண்டு முறை வெட்டு! கழிவு கொடுப்பதானால் கொட்டகையில் போட்ட எடைக்கு மட்டும் கொடுங்கள். எங்கே எடை, எத்தனை விழுக்காடு என்பதை விலை பேசும்போதே முடித்துவிடுங்கள்.

கேள்வி: தராசே இல்லை. கண்மதிப்பில்தான் விலை பேசுகிறார்கள். என்ன செய்வது?

பதில்: நாடாவால் அளங்கள். முன்னங்காலை ஒட்டிப் பின்னால் மார்புச் சுற்றளவு. தோள்முனையிலிருந்து வால் பக்கத்துப் புட்ட எலும்பு வரை நீளம். இரண்டும் சென்டிமீட்டரில். சுற்றளவை அதே எண்ணால் பெருக்கி, நீளத்தாலும் பெருக்கி, 10,840 ஆல் வகுத்தால் கிலோ கிடைக்கும். சுற்றளவு 160, நீளம் 135 என்றால் சுமார் 319 கிலோ. நாடா 2 சென்டிமீட்டர் தளர்ந்தால் 8 கிலோ கூடிவிடும். தலை நிமிர்ந்து, கால் நேராக நிற்கும்போது மூன்று தடவை அளந்து சராசரி எடுங்கள்.

கேள்வி: விலை ஏறட்டும் என்று 450 கிலோ காளையை இன்னும் இரண்டு மாதம் நிறுத்தலாமா?

பதில்: அது ஈரம் நீங்கலாக நாளுக்குச் சுமார் 10 கிலோ தீவனம் தின்னும். பசும்புல்லாகவே போட்டால் 50 கிலோவரை ஆகும். மாட்டின் எடை தினம் 1 கிலோ ஏறும் வரை கணக்கு தாங்கும். கொழுப்பு கட்டத் தொடங்கி ஏற்றம் 600 கிராமாகச் சரிந்தால், 60 நாளில் 600 கிலோ தீவனத்துக்குக் கிடைப்பது 36 கிலோ எடை. தீவனச் செலவோடு கடன் வட்டியையும் கூட்டுங்கள். அந்த 36 கிலோவின் விலை அதற்குக் கீழே நின்றால், மொத்த மாட்டுக்கும் கிலோ விலை ஏறினால்தான் தப்பிக்கலாம். அந்த விலையேற்றம் உறுதியில்லை என்றால் இந்த வாரமே விற்றுவிடுங்கள்.