கெர்சொப்பா: வெள்ளியும் கரியும்

அன்புள்ள ஐயா,

நாணயம் சேகரிக்கும் நண்பர் ஒருவர் பிரிட்டிஷ் அரசு நாணயச்சாலை வெளியிட்ட சின்ன வெள்ளி நாணயம் ஒன்றைக் காட்டினார். விளிம்பில் ‘எஸ்.எஸ். கெர்சொப்பா’ என்று ஆங்கிலத்தில் பொறித்திருக்கிறது. இரண்டாம் உலகப்போரில் மூழ்கிய கப்பலிலிருந்து எடுத்த வெள்ளியாம். கல்கத்தாவில் ஏற்றிய வெள்ளி என்றால் அது நம்முடையதுதானே? அதை எடுத்து விற்க அவர்களுக்கு என்ன உரிமை? என் தாத்தா பினாங்குக்குப் போன ரஜூலா கப்பலும் இதே கம்பெனி என்கிறார்கள். இந்தக் கப்பலைப் பற்றி எழுதுவீர்களா? நாணயத்தை வாங்கலாமா என்றும் ஒரு யோசனை இருக்கிறது.

எஸ்.

அன்புள்ள எஸ்.,

சட்டப்படி பதில் சுருக்கமானது. அந்த வெள்ளி போர்க்காலக் காப்பீட்டில் இருந்தது. கப்பல் மூழ்கியதும் பிரிட்டிஷ் அரசு சுமார் 3,25,000 பவுண்டு இழப்பீடு கொடுத்தது. அதோடு கடலடியில் கிடந்த வெள்ளி அரசின் சொத்தாகிவிட்டது. 2010இல் ஒடிசி மரைன் எக்ஸ்ப்ளோரேஷன் என்ற அமெரிக்க நிறுவனத்தோடு அந்த அரசு ஒப்பந்தம் போட்டது. செலவு போக மிஞ்சும் மதிப்பில் 80 சதவீதம் நிறுவனத்துக்கு, மீதி அரசுக்கு. உங்கள் கேள்வியில் உள்ள நியாயம் இதற்கு வெளியே இருக்கிறது. 1939 செப்டம்பரில் இந்தியத் தலைவர்கள் யாரையும் கேட்காமலே வைஸ்ராய் லின்லித்கோ இந்தியாவைப் போருக்குள் இழுத்துவிட்டார். கல்கத்தாவிலிருந்து என்ன போகலாம், எது போகக்கூடாது என்று சொல்லும் இடத்தில் அன்று நாம் இல்லை. அந்தக் கோபம் எனக்கும் உண்டு. ஆனால் அந்தக் கப்பலில் நாம் இழந்தவற்றில் வெள்ளியைப் பெரிதாக நான் நினைக்கவில்லை.

கப்பலின் பிறப்பிலிருந்து வருகிறேன். முதல் உலகப்போரில் ஜெர்மன் நீர்மூழ்கிகள் பிரிட்டிஷ் சரக்குக் கப்பல்களை வரிசையாக மூழ்கடித்தபோது, ஒரே மாதிரி வரைபடத்தில் வேகமாகப் பல கப்பல்களைக் கட்டும் திட்டம் ஒன்று வந்தது. எல்லாவற்றுக்கும் ‘வார்’ என்று தொடங்கும் பெயர்கள். ‘வார் ரோபக்’ என்று கட்டத் தொடங்கிய கப்பலை, 1919இல் பால்மர்ஸ் கம்பெனி வடகிழக்கு இங்கிலாந்தின் டைன் நதியில் இறக்குவதற்குள் போர் முடிந்துவிட்டது. அதை பிரிட்டிஷ் இந்தியா ஸ்டீம் நேவிகேஷன் வாங்கி, ஷராவதி நதியின் கெர்சொப்பா அருவியின் பெயரை வைத்தது. நாம் ஜோக் அருவி என்று சொல்வது அதைத்தான். ஆம், ரஜூலாவும் இவர்களுடையதுதான். ஆனால் அது 1926இல் வந்த பயணிகள் கப்பல், இது சரக்குக் கப்பல். பால்மர்ஸ் 1933இல் நொடித்துப்போனது. அதன் கப்பல்கட்டும் தளம் இருந்த ஜாரோ ஊரே வேலையிழந்து, 1936இல் அங்கிருந்து சுமார் 200 பேர் வேலை கேட்டு லண்டன்வரை நடந்தார்கள். கட்டிய கம்பெனி போன பிறகும் கப்பல் ஓடிக்கொண்டிருந்தது.

5,237 டன் மொத்தக் கொள்ளளவு (உள்ளிடத்தின் அளவு இது, சுமக்கும் எடை அல்ல), சுமார் 400 அடி நீளம், நிலக்கரியில் ஓடும் நீராவி எஞ்சின். இந்த ‘கரி’ என்ற ஒன்றை மனதில் வைத்துக்கொண்டால்தான் பிறகு நடந்தது புரியும். கொதிகலனுக்குக் கரி தானாகப் போகாது. கிடங்கிலிருந்து ஒருவர் வாரிக்கொண்டு வரவேண்டும், இன்னொருவர் உலைவாயில் வீசவேண்டும், சாம்பலைக் கிளறி இழுக்கவேண்டும். மணிக்கணக்கில், ஒரு முறை மாற்றி ஒரு முறை. கல்கத்தாவில் ஆள் எடுக்கும் கப்பல்களில் இந்த வேலைக்குப் பெரும்பாலும் (இன்றைய வங்கதேசத்தின்) சில்ஹெட் பக்கத்து விவசாயிகள் வந்தார்கள். லாஸ்கர்கள் என்று அழைக்கப்பட்ட இவர்களுக்கு, பிரிட்டிஷ் மாலுமி வாங்கியதில் ஏறக்குறைய கால்வாசிதான் கூலி. 1939இல் போர் தொடங்கியதும் இந்திய மாலுமிகள் பல துறைமுகங்களில் வேலைநிறுத்தம் செய்தது இதற்காகத்தான். பலர் சிறைக்கும் போனார்கள்.

1940 டிசம்பரில் கெர்சொப்பா கல்கத்தாவிலிருந்து கிளம்பியது. பாளம் பாளமாகக் கச்சா இரும்பு, 1,700 டன்னுக்கு மேல் தேயிலை, வெள்ளி, தபால் மூட்டைகள். எல்லாம் சேர்த்து 7,000 டன்னை நெருங்கும் சுமை. ஆப்பிரிக்காவைச் சுற்றி அதன் மேற்குக் கரையிலுள்ள ஃப்ரீடவுன் போய், ஜனவரி இறுதியில் எஸ்.எல். 64 என்ற கூட்டுப் பயணத்தில், அதாவது பாதுகாப்புக்காகக் கூட்டமாகப் போகும் கப்பல்களோடு, சேர்ந்தது. இந்தப் பயணங்களில் கூட்டத்திலேயே மெதுவான கப்பலின் வேகம்தான் எல்லோருடைய வேகமும். அயர்லாந்தை நெருங்கும்போது புயல். எதிர்காற்றில் கனத்த கப்பல் நகர நகரக் கரி கரைந்தது. லிவர்பூல்வரை போதாது என்று தெரிந்ததும், பிப்ரவரி 14 அன்று கேப்டன் ஜெரால்ட் ஹைலண்ட் கூட்டத்தை விட்டு விலகி அயர்லாந்தின் கால்வே துறைமுகத்தை நோக்கித் திருப்பினார். கரியை மிச்சம்பிடிக்க வேகத்தையும் குறைக்க வேண்டியிருந்தது. அவரைக் குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை. கூட்டத்தோடு போயிருந்தால் நடுக்கடலில் உலை அணைந்திருக்கும்.

ஜெர்மன் விமானம் ஒன்று வந்து வட்டமிட்டுப் போனது. 16ஆம் தேதி இரவு யு-101 நீர்மூழ்கி வீசிய டார்பிடோ தாக்கியது. முன்பாய்மரம் விழுந்ததில் கம்பியில்லாத் தந்தியின் ஆன்டெனாவும் அறுந்துவிட்டது. உதவி கேட்கவும் வழியில்லை.

கப்பலில் ஏறத்தாழ 85 பேர். கரை சேர்ந்து பிழைத்தவர் இரண்டாம் அதிகாரி ரிச்சர்ட் ஏயர்ஸ் ஒருவர்தான். அவரது படகில் ஏறிய முப்பது பேர் அளவிலானவர்களில் பெரும்பாலோர் இந்தியர்கள். குளிருக்கு ஏற்ற உடையில்லை, குடிக்கத் தண்ணீர் இல்லை, ஒவ்வொருவராகச் செத்தார்கள். 13 நாள் கழித்து, மார்ச் 1 அன்று, கார்ன்வாலின் லிசர்ட் முனையருகே படகு பாறைகளுக்கு நடுவே அலையில் கவிழ்ந்தது. மிஞ்சியிருந்த சிலரும் கரைக்கு எதிரிலேயே இறந்துபோனார்கள். ஏயர்ஸின் மன உறுதிக்கு எல்லா மரியாதையும் உண்டு. அவர் அந்தப் படகை அத்தனை தூரம் செலுத்தியது சாதாரணமில்லை. ஆனால் இந்தக் கதை எங்கு வந்தாலும் ஏயர்ஸின் பெயரும், அடுத்து வெள்ளியின் எடையும்தான் வருகிறது. உலை முன்னால் நின்றவர்கள் ‘மற்றும் சிப்பந்திகள்’ ஆகிவிடுகிறார்கள்.

2011இல் கப்பலைக் கண்டுபிடித்தபோது அது 4,700 மீட்டர் ஆழத்தில், டைட்டானிக்கைவிடச் சுமார் 900 மீட்டர் கீழே, கிடந்தது. அடுத்த இரண்டு ஆண்டுகளில் 2,792 வெள்ளிப் பாளங்களை எடுத்தார்கள். கிட்டத்தட்ட 110 டன். வெள்ளியைவிட என்னை ஈர்த்தது தபால்தான். ஒளியும் காற்றோட்டமும் இல்லாமல் சரக்குக்கடியில் அழுந்திக் கிடந்ததால் 700க்கும் மேற்பட்ட கடிதங்கள் எழுபது ஆண்டு கழித்தும் படிக்கும்படி இருந்தன. லண்டன் தபால் அருங்காட்சியகம் 2018இல் அவற்றைக் கண்காட்சியாக வைத்தது. சிப்பாய்கள், தேயிலைத் தோட்டக்காரர்கள், பாதிரிமார்கள் 1940 இறுதியில் தங்கள் வீடுகளுக்கு எழுதியவை. சில்ஹெட்டுக்குப் போகவேண்டிய கடிதம் இங்கிலாந்து போகும் மூட்டையில் இருக்க நியாயமில்லை. அந்த மனிதர்களின் குரல் அதனால் அங்கேயும் இல்லை.

அவர்களின் பெயர்கள் இருக்குமிடம் வேறு. போரில் கடலில் இறந்த பிரிட்டிஷ் வணிக மாலுமிகளின் பெயர்கள் லண்டன் டவர் ஹில் சுவரில் பொறிக்கப்பட்டிருக்கின்றன. கல்லறையில்லாத இந்திய மாலுமிகளின் பெயர்கள் ஒரு பதிவேட்டில் எழுதப்பட்டு, ஒரு பிரதி சிட்டகாங்கிலும் ஒரு பிரதி மும்பை இந்திய மாலுமிகள் இல்லத்திலும் இருக்கின்றன. அதில் 6,000க்கு மேற்பட்ட பெயர்கள்.

நாணயத்தை வாங்குங்கள், அதில் தப்பில்லை. அப்புறம் காமன்வெல்த் போர்க் கல்லறை ஆணையத்தின் இணையதளத்தில் கப்பலின் பெயரைக் கொடுத்துத் தேடிப் பாருங்கள். சிட்டகாங், மும்பைப் பதிவுகளும் அதில் இருக்கின்றன. பட்டியல் கிடைத்ததும் எனக்கு எழுதுங்கள், அந்தப் பெயர்களை இங்கேயே வெளியிடலாம்.