பதினைந்து பேர் எங்கே இருக்கிறார்கள்?

கேள்வி: மகள் தமிழ்ப்பள்ளியில் ஆறாம் ஆண்டு முடித்து, தேசிய இடைநிலைப்பள்ளியில் படிவம் 1 போகிறாள். அவள் வகுப்பில் தமிழ்ப் பிள்ளைகள் நான்கே பேர். "15 பேர் இல்லை, தமிழ் வகுப்பு நடத்த முடியாது" என்று பள்ளியில் சொல்லிவிட்டார்கள். படிவம் 5இல் எழுதும் எஸ்.பி.எம். தேர்வில் தமிழ் எடுக்க ஆசைப்படுகிறாள். என்ன செய்வது?
– ஒரு தாய், கிள்ளான், மலேசியா

பதில்: அம்மா, 15 என்பது வகுப்புக் கணக்கு இல்லை, பள்ளிக் கணக்கு. பள்ளியில் குறைந்தது 15 மாணவர்களின் பெற்றோர் கேட்டால் தமிழ் கற்பிக்க வசதி செய்துதர வேண்டும் என்கிறது 1996ஆம் ஆண்டுக் கல்விச் சட்டம். பெராலிஹான் வகுப்பில் (படிவம் 1க்கு முந்திய புகுமுக வகுப்பு) தொடங்கி படிவம் 5 வரை எல்லாரையும் எண்ணுங்கள். தேசியப் பள்ளியிலிருந்து (மலாய்வழித் தொடக்கப்பள்ளி) வந்த பிள்ளைகளையும் விட்டுவிடாதீர்கள். அவர்களின் பெற்றோர் கேட்டாலும் கணக்கில் சேரும்.

வாய்மொழியாகக் கேட்டால் எதுவும் நடக்காது. ஒரே தாளில் 15 கையெழுத்து வாங்கிக் கொடுத்தாலும், யார் எந்தப் பிள்ளையின் பெற்றோர் என்று தெரியாமல் அது மேசையிலேயே கிடக்கும். ஒவ்வொரு பிள்ளைக்காகவும் தனித்தனிக் கடிதம், மலாயில், முதல்வர் பெயருக்கு. தலைப்பு: 'பெர்மோஹோனான் கெலாஸ் பஹாசா தமிழ்' (தமிழ்மொழி வகுப்புக்கான விண்ணப்பம்). பிள்ளையின் பெயர், வகுப்பு, பெற்றோர் பெயர், தொலைபேசி எண், கையெழுத்து போதும். மேலே பெயர்ப்பட்டியல் ஒன்றை வைத்து, எல்லாவற்றையும் சேர்த்துக் கொடுங்கள். உங்களிடம் இருக்கும் நகலில் பள்ளி முத்திரையும் தேதியும் வாங்காமல் அலுவலகத்தைவிட்டு நகராதீர்கள். பிறகு மாவட்டக் கல்வி இலாகாவுக்குப் போக வேண்டி வந்தால் கையில் இருக்கும் சான்று அதுதான்.

அடுத்த தடை ஆசிரியர். "தமிழாசிரியர் இல்லை" என்பது கோரிக்கையை மறுக்கக் காரணமாகாது. ஆசிரியர் கேட்டு மேலே எழுதத்தான் அது காரணம். பக்கத்துப் பள்ளியில் தமிழாசிரியர் இருக்கிறாரா என்று நீங்களே விசாரித்து, அந்தத் தகவலையும் முதல்வரிடம் சொல்லுங்கள்.

வகுப்பு கிடைத்த பிறகுதான் உண்மையான சிரமம் தொடங்குகிறது. பெரும்பாலும் பள்ளி முடிந்த பிறகே நடத்துவார்கள். வேன் போய்விடும், பிள்ளைக்குப் பசிக்கும், புறப்பாட நடவடிக்கை இருக்கும் நாளில் வகுப்பு அடிபடும். இரண்டு மாதத்தில் 18 பேர் 7 பேராகிவிட்டால் வகுப்பையே மூடிவிடுவார்கள். ஆகவே முதல் வாரத்திலேயே பெற்றோர் கூடி, அந்த நாளுக்குத் தனி வேன் பேசிவிடுங்கள். சாப்பாட்டு டப்பா கொடுத்து அனுப்புங்கள். நல்ல வகுப்புகள் பல இந்தச் சின்ன விஷயத்தில்தான் கலைந்துபோகின்றன, அது மனத்தை வருத்துகிறது.

15 பேர் சேரவில்லை என்றாலும் மகளின் தமிழை மூன்று வருடம் சும்மா விடாதீர்கள். படிவம் 4இல் திடீரென்று தொடங்கினால் செய்யுளும் மொழியணியும் இலக்கணமும் மலைபோல நிற்கும். வாரம் ஒரு கட்டுரை எழுதட்டும், தமிழ்ப்பள்ளி ஆசிரியர் யாராவது திருத்தித் தரட்டும். பள்ளியில் வகுப்பு இல்லாமலேயே எஸ்.பி.எம்.மில் தமிழ்த் தேர்வு எழுதுகிற மாணவர்கள் இருக்கிறார்கள். அப்படி எழுதப்போவதாக படிவம் 4 தொடக்கத்திலேயே பள்ளிக்குக் கடிதம் கொடுத்துவிடுங்கள். படிவம் 5இல் தேர்வுப் பதிவுத் தாள் கைக்கு வரும்போது, கையெழுத்துப் போடுவதற்கு முன் 6354 என்ற எண் அதில் இருக்கிறதா என்று மகளைப் பார்க்கச் சொல்லுங்கள். அதுதான் தமிழ்மொழித் தாளின் எண்.