பேரு எதுக்குன்னு கேட்ட கோபி வாசகருக்கு

கேள்வி: ஐயா, நான் ஒரு தியரி வெச்சிருக்கேன். நாற்பது வருஷம் கழிச்சு ஒருத்தன் உங்க பத்திரிகையோட பழைய இதழ் ஒண்ணை எடுத்துக்கிட்டு டைம் மெஷின்ல இப்ப உங்க ஆபீசுக்கு வர்றான். அதுல இருக்கற கவிதையை நீங்க அப்படியே அச்சடிக்கறீங்க. அந்த இதழ்தான் பின்னாடி அவன் கைக்குப் போகுது. அப்ப கவிதையை எழுதுனது யாருமே இல்லை. ஒவ்வொரு சுத்துலயும் ரெண்டு எழுத்து தேய்ஞ்சு மாறி, கடைசில தன்னால நல்ல கவிதையா நின்னுடும். நல்லா இருந்தாப் போதாதுங்களா, பேரு எதுக்கு? (ஒரு வாசகர், கோபிச்செட்டிபாளையம்)

பதில்: சொன்னதுக்கு ஏத்தாப்பல கடுதாசியிலயும் பேரு போடலை. ஆனா தம்பி, இந்த ஒரு விஷயத்துல மட்டும் நான் யாரோடவும் ஒத்துப் போறதில்லைங்க.

பெருந்துறைப் பக்கம் ஒரு பெரியம்மா, தானே கட்டுன வள்ளி கும்மிப் பாட்டுகளைக் கோடு போட்ட நோட்டுல எழுதி அனுப்பிச்சாங்க. ஒவ்வொரு பக்கத்துக்கும் அடியில பேரு, ஊரு. எதுக்குங்க பக்கத்துக்குப் பக்கம்னு போன்ல கேட்டேன், "தாளு கிழிஞ்சு தனியாப் போயிருச்சுன்னா?"ன்னாங்க. நாங்க பேரோடதான் போட்டோம். அடுத்த வருஷமே ஒரு கும்பாபிஷேக மலர்ல அதே பாட்டு, ஒரு வரி கூட மாறாம, மேல 'நாட்டுப்புறப் பாடல்'னு மட்டும். கேட்டா, நல்ல விஷயம் நாலு பேருக்குப் போய்ச் சேரட்டும்னுதானுங்கன்னு பதில். சேரட்டும், பேரும் கூடவே சேர்ந்து போனா பாரமாங்க? இந்த மலர்க்காரங்களோட சண்டை எனக்கு இன்னும் தீரலை, தீரவும் வேண்டாம்.

சரி, தியரிக்கு வர்றேன். காலம் வளைஞ்சு தன் பழசையே வந்து தொடலாம்ங்கறது சும்மா கற்பனை இல்லை, 1949லயே கர்ட் கோடல்ங்கற கணித மேதை, ஐன்ஸ்டைனோட ஈர்ப்புச் சமன்பாட்டுக்குள்ளயே அப்படி ஒரு சுழல்ற பிரபஞ்சத்தைக் கணக்குப் போட்டுக் காட்டிட்டாரு. ஆனா உங்க தப்பு அந்த 'ஒவ்வொரு சுத்துலயும்'ங்கற இடத்துல இருக்குதுங்க. செக்கு மாடு மாதிரி மொத சுத்து, ரெண்டாஞ் சுத்துன்னு நெனைச்சுட்டீங்க. அங்க சுத்தே கிடையாது, நடக்கறது ஒரே ஒரு தடவை. வந்த கவிதையும் அச்சான கவிதையும் எழுத்துக்கு எழுத்து ஒண்ணா இருந்தே ஆகோணும், இதைத்தான் ரஷ்ய இயற்பியல்காரர் நோவிகோவ் முரண்படாமைன்னு சொன்னாரு. அப்புறம் எங்கிருந்து தேய்றது?

தாளுக்குக் கூடப் பிரச்சனை இல்லைங்க. நம்ம பிரஸ்ல அச்சாகி, நாற்பது வருஷம் பழுத்து, திரும்ப என் மேஜைக்கு வந்து மக்கிப் போயிரும், அதுக்கு பொறப்பும் இருக்குது சாவும் இருக்குது. ரெண்டும் இல்லாம நிக்கறது கவிதை மட்டும்தான். லோசெவ்ங்கறவரும் நோவிகோவும் 1992ல இந்த மாதிரி ஆசாமிகளுக்கு, அரபுக் கதையில வர்ற பூதத்தோட பேரா 'ஜின்'னே பேரு வெச்சாங்க.

இப்ப எங்க ஆபீஸ் நெலமையைக் கொஞ்சம் பாருங்க. வந்த இதழ்ல 'மழை'க்குப் பதிலா 'மலை'ன்னு இருக்குது. நான் திருத்துனா வந்தது அது இல்லைன்னு ஆயிரும், அதனால திருத்தவே முடியாது. புரூஃப் பாக்கறவரைக் கூப்பிட்டுச் சத்தம் போட்டா, "வரும்போதே அப்படித்தானுங்க இருந்துச்சு"ம்பாரு, அவர் சொல்றதும் நெசம். சன்மானம் மணியார்டர் யாருக்கு எழுதறது? முகவரியே இல்லை. கொண்டாந்தவனுக்குக் குடுக்கலாம்னா அவன் எங்கிட்ட இருந்துதான் எடுத்தான், நான் அவங்கிட்ட இருந்து எடுத்தேன், ரெண்டு பேரும் ஒருத்தர் மூஞ்சியை ஒருத்தர் பாத்துக்கிட்டு டீ குடிக்க வேண்டியதுதான், மாசக் கடைசில ஆடிட்டர் வந்து இந்த ஐநூறு ரூபா எந்தக் கணக்குலன்னு கேப்பாரு.

சிரிப்பை விடுங்க, இதுக்குள்ள பெரிய கேள்வி ஒண்ணு இருக்குது. அந்த ஆளு வெத்துத்தாளோட வந்து நான் வெத்துப் பக்கமா அச்சடிச்சாலும் கதை முரண்படாது. 'கசகச'ன்னு வெறும் எழுத்தா வந்தாலும் முரண்படாது. அத்தனையும் பொருந்தும்போது நல்ல கவிதை மட்டும் எதுக்கு வரோணும்? உங்க தியரியில அதுக்குக் காரணமே இல்லை. டேவிட் டாய்ச்சுங்கற இயற்பியல்காரர் 1991ல எழுதுன கட்டுரையில, பழைய காலத்துக்குப் போய்த் தாத்தாவைக் கொன்னா நாமளே எப்படிப் பொறந்தோம்ங்கற முரண்பாட்டுக்கு குவாண்டம் இயற்பியல்ல வழி இருக்குதுன்னு காட்டிட்டு, யாரும் யோசிக்காம அறிவு வந்து நிக்கற இந்த முரண்பாட்டைத்தான் ஏத்துக்க முடியாதுன்னாரு. பல விடை பொருந்துச்சுன்னா என்ட்ரோபி, அதாவது ஒழுங்கில்லாம கலைஞ்சு கெடக்கற அளவு, அதிகமா இருக்கறதை எடுத்துக்கோன்னு ஒரு விதியே சேர்த்தாரு. அந்தக் கணக்குப்படி உங்க ஆளு கொண்டாந்து குடுக்கறது கவிதையா இருக்காது, கசகசதான். எனக்கு அவர் பக்கம்தான் நியாயம்னு படுதுங்க. கவிதைன்னா ஒருத்தர் உக்காந்து அடிச்சு அடிச்சு எழுதியிருக்கோணும், அந்த அடிச்ச வரியெல்லாம் எங்காவது நடந்திருக்கோணும்.

நம்ம ஈரோடு பக்கம் அரச்சலூர் மலைக்குகையைப் பாத்திருக்கீங்களா? கி.பி. 4ம் நூற்றாண்டு வாக்குல வெட்டுன கல்வெட்டு, ஈரோட்டுப் புலவர் செ. இராசு வெளிய தெரிய வெச்சது (போட்டோ போடறவங்க அவரு பேரையும் போடுங்க சாமி). தா, தை, தேன்னு ஆட்டத்துக்குச் சொல்ற சொல்லுக, அஞ்சு வரி, வரிக்கு அஞ்சு. இடமிருந்து படிங்க, வலமிருந்து படிங்க, மேலிருந்து கீழ படிங்க, ஒண்ணாவே வரும். தொடக்கம் எது முடிவு எதுன்னே தெரியாத அந்த எழுத்துக்குப் பக்கத்துலயே, இதை அமைச்சவன் மணிய வண்ணக்கன் தேவன் சாத்தன்னு வெட்டியிருக்குது. வண்ணக்கன்னா ரத்தினமணி சோதிக்கறவராம், அதான் தொழிலாம் அவருக்கு. எத்தனை விதமா அடுக்கிப் பாத்து இது அமைஞ்சிருக்கும்னு அங்க நின்னா யோசிக்காம இருக்க முடியாதுங்க.

தியரியில இருந்து அந்த 'ஒவ்வொரு சுத்துலயும்' வரியை எடுத்துட்டு, வெத்துத்தாள் ஏன் வரலைங்கறதுக்குக் காரணம் கண்டுபுடிச்சு மறுபடி எழுதுங்க. ரெண்டு பக்கம் தர்றேன், முகவரியோட அனுப்புங்க.